முயல் குழம்பும் விதி எண் நான்கும்

வீரம் என்ற சொல்லுக்குக் கிரேக்க நாட்டில் இன்னும் பொருள் இருக்கிறதென்றால், அந்தப் பெருமை எங்கள் கரிடோவூனி ஊர் வேட்டைக்காரர் சங்கத்தையே சேரும். பதினேழு ஆண்டுகளாக அதன் செயலாளர் நான். ஆகவே முழு நடுநிலையோடு சொல்கிறேன்.

சென்ற நவம்பரில் சங்கத்துக்கு ஒரு 'வரலாற்றுக் கடமை' வந்து சேர்ந்தது. ஊரின் ஒரே சாப்பாட்டுக் கடை பொலிக்செனி அக்காவுடையது. அதற்குப் 'பாரம்பரிய உணவகம்' என்ற பலகை கிடைத்தால் சுற்றுலாப் பேருந்து நிற்கும். கிடைக்காவிட்டால் கடையைச் சாத்திவிட்டு ஏதென்சில் மருமகள் வீட்டில் போய் முடங்க வேண்டியதுதான். மருமகளைப் பற்றி அக்கா சொன்னதை நான் குறிப்பேட்டில் ஏற்றவில்லை.

மாவட்ட அலுவலகத்தின் நிபந்தனை ஒன்றே: ஸ்டிஃபாடோ குழம்பு அசல் காட்டு முயலில் இருக்கவேண்டும். கூண்டு முயல் செல்லாது. சங்கம் நான்கு மணி நேரம் கூடி விதி எண் நான்கை இயற்றியது: 'சுடப்பட்ட முயல் என்பதற்குச் சான்றாக, உண்பவர் பல்லில் மிளகளவு ஈயக் குண்டு ஒன்றாவது படவேண்டும்.'

ஐந்து வீரர்கள் மூன்று நாள் மலையேறினோம். துப்பாக்கி ஐந்து, நாய் நான்கு, சாராயம் பன்னிரண்டு புட்டி. வெடிச் சத்தம் எதுவும் கேட்டதாக எனக்கு நினைவில்லை. ஆனால் நான்காம் நாள் காலை தலைவர் லிகூர்கோஸ் தோலுரித்த முயலோடு கடைக்குள் நுழைந்தார்.

"காட்டு முயல்தான்னு காட்டப் பின்னங்கால்ல ரோமத்தை விட்டுத்தானே கொண்டாருவீங்க? பாதத்தையே காணோமே?" என்றாள் அக்கா.

"நாய் தின்னுடுச்சு."

"நாலு பாதத்தையுமா?"

"நாலு நாய் இல்ல?"

"காட்டு முயல் கறி கறுத்துல்ல இருக்கும், இது ஏன் இப்படி வெளுத்திருக்கு?"

"என்னைப் பாத்த பயம்தான்!"

அக்கா பின்னங்கால் எலும்பைத் தடவிப் பார்த்தாள். ஏதோ சொல்ல வாயெடுத்தாள். பலகைக்காகச் சுவரில் அடித்திருந்த ஆணியைப் பார்த்ததும் வாயை மூடிக்கொண்டாள்.

முயல் ஒயினில் ஊறியது. இரண்டு கிலோ சின்ன வெங்காயத்தை அக்கா ஒருத்தியே உரித்தாள். நாங்கள் உதவியிருப்போம், மரபைக் காக்கும் வேலை எங்களுக்குத் தலைக்குமேல் கிடந்தது. இந்தக் குழம்பில் கரண்டி விடக்கூடாது, வெங்காயம் உடைந்துவிடும். சட்டியைத்தான் குலுக்கவேண்டும். என்ன அதிசயமோ, அன்று வீரர்கள் ஐவரும், "ஒரு குலுக்கு குலுக்கிட்டு வந்துடறேன்" என்று தனித்தனியே அடுக்களைக்குள் போய் வந்தோம். நானும் ஒரு தோட்டாவைப் பிரித்து நான்கே நான்கு குண்டு போட்டேன். பாரம்பரியத்துக்காக.

மாவட்ட அலுவலகத்திலிருந்து அதிகாரி கிளியான்திஸ் வந்தார். மணக்க மணக்கத் தட்டு வந்தது. முதல் வாயில் 'கடக்'. எல்லார் முகமும் மலர்ந்தது. இரண்டாம் வாயில் 'கடக்'. மூன்றாவதில் 'கடக் கடக்'. தட்டின் ஓரத்தில் இருபத்து மூன்று குண்டுகள் வரிசை கட்டின.

"முயலைச் சுட்டீங்களா, முயல் மேல போர் தொடுத்தீங்களாய்யா?" என்றார் கன்னத்தைப் பிடித்துக்கொண்டு.

"அஞ்சு பேரும் ஒண்ணாச் சுட்டோம். ஒத்துமைங்க!" என்றார் தலைவர்.

'ஐயத்துக்கு இடமில்லை' என்று எழுதிக் கையெழுத்திட்டு, அதிகாரி நேரே பல் மருத்துவரிடம் விரைந்தார். பலகை ஆணியில் ஏறியது. கைதட்டினோம்.

அக்கா மட்டும் தட்டிலிருந்து ஒரு கோணல் எலும்பை எடுத்தாள். "கோடையில இந்தக் காலு ஒடிஞ்சப்ப, குச்சி வெச்சுக் கட்டினது நான். செவ்வாக்கிழமையில இருந்து என் கூண்டுல ஒண்ணு குறையுது."

தலைவரின் மீசை தொங்கிவிட்டது.

"போகட்டும், பலகை வந்துடுச்சு. இனி சனிக்கிழமை சனிக்கிழமை பஸ் வரும். வாரம் மூணு காட்டு முயல் வேணும். நீங்கதான் கொண்டாரணும், வீரருங்களே!"

சங்கம் வாக்குத் தவறவில்லை. வாராவாரம் மலையேறுகிறோம், வாராவாரம் மூன்று முயல் வந்து சேர்கிறது. கரிடோவூனியில் தேவாலயத்துக்குக்கூட இன்றுவரை பூட்டுக் கிடையாது. முயல் கூண்டுகளுக்கெல்லாம் இரட்டைப் பூட்டு. மலையில் இருக்கும் முயல்கள்தான் பயமில்லாமல், குட்டிகளோடு, சௌக்கியமாக இருக்கின்றன.