உபயதாரர் பெயர் தாங்கிய உலோகம் காணும் கருவி

சக்கரத்துக்குப் பிறகு மனிதகுலம் செய்த உருப்படியான காரியம், பண்டார் தெங்காரா முனியாண்டி கோயில் நிர்வாகக் குழு சொந்தமாக உலோகம் காணும் கருவி செய்ததுதான். செயலாளர் என்ற முறையில் இதை அடக்கத்துடன் சொல்கிறேன்.

காரணம் இருந்தது. கோயில் நிற்கும் செம்பனை எண்ணெய்த் தோட்டத்தை வாங்கிய கம்பெனி கோயிலை அகற்றச் சொன்னது. மெர்டேக்காவுக்கு, அதாவது நாட்டின் சுதந்திரத்துக்கு, முன்பே கட்டிய கோயில் என்று வெள்ளிக்கிழமைக்குள் நிரூபித்தால் விட்டுவிடுவார்களாம். அத்தாட்சி மண்ணுக்குள் இருந்தது: கட்டிய ஆண்டும் கட்டியவர்களின் பெயர்களும் பொறித்த செப்புத் தகடு.

"எங்கப்பாதான் பொதைச்சாரு. எங்கன்னு சொல்லாமயே போய்ட்டாரு," என்றார் அன்றாடம் விளக்கேற்றும் அங்கம்மா. அந்தக் கோயிலை விட்டால் அவருக்கு வேறு போக்கிடம் இல்லை.

தொழிற்சாலையில் மின்னணு வேலை பார்க்கும் லோகேஸ்வரன் 'விஞ்ஞான உபகுழு'வாக நியமிக்கப்பட்டார். செம்புக் கம்பிச் சுருள், பேட்டரி, பழைய ரேடியோவின் ஸ்பீக்கர் ஆகியவற்றை வைத்துக் கருவியை முடித்தார்.

"சுருள்ல கரண்டு ஓடுனா சுத்தி காந்தப் புலம் வரும். பக்கத்துல உலோகம் இருந்தா புலம் கலையும், சத்தம் மாறும். அவ்ளோதான் லா."

"எல்லாம் சரி, உபயம் யாருன்னு எங்க போட்டிருக்கு?" என்றார் தலைவர் மதிவாணன்.

மாபெரும் குறைபாடு. அவசரக் கூட்டம் கூடியது. குழுவினர் அனைவரின் பெயரும் பொறித்த எவர்சில்வர் தகடு, சுருளின் மேலேயே முடுக்கப்பட்டது. செயலாளர் பெயர் மட்டும் சற்றுச் சின்ன எழுத்தில். அந்த நிமிடம் முதல் கருவி ஓயாமல் கத்தியது.

"தலைவரே, தகட்டக் கழட்டுங்க. கருவி அதத்தான் கண்டுபிடிக்குது," என்றார் லோகேஸ்வரன்.

"ட்யூப்லைட்லயும்தான் பேரு எழுதியிருக்கு. அது எரியலையா?"

கருவி 'அபார உணர்திறன்' பெற்றிருப்பதாகத் தீர்மானம் நிறைவேறியது. கத்திய இடமெல்லாம் தோண்டினோம். எல்லா இடத்திலும் கத்தியது. வெள்ளிக்கிழமையும் வந்து போனது.

மறுநாள் கோயிலை இடித்த மண்வாரி இயந்திரம், வேப்பமரத்தடியிலிருந்து அந்தச் செப்புத் தகட்டை அள்ளிப் போட்டது. அங்கம்மா அதை முந்தானையால் துடைத்து, அப்பா பெயரைத் தடவித் தடவி அழுதார். தலைவர் அதை வாங்கி முன்னும் பின்னும் திருப்பிப் பார்த்தார்.

"நம்ம பேரு ஒன்னும் காணோமே," என்றார்.

கருவியில் கோளாறு என்று ஊரில் பேசிக்கொள்கிறார்கள். செயலாளர் என்ற முறையில் வன்மையாக மறுக்கிறேன். கோயிலைக் கெடுத்தது எதுவோ, அதை முதல் நாளே கண்டுபிடித்துவிட்டது. நாங்கள்தான் மண்ணைத் தோண்டிக்கொண்டிருந்தோம்.