கைப்பிடிக் காதல்

கணவனின் அன்பை அளக்க மனிதகுலம் கண்டுபிடித்த ஒரே நம்பகமான கருவி, ஊமைப்பட காமிராவின் கைப்பிடிதான். அதைக் கையால் சுற்றினால் படம் ஓடும். கை நின்றால் படமும் நின்றுவிடும். ஒரு படத்தின் நாயகி அந்த அன்பை நாள்தோறும் கண்ணாரக் கண்டாள். காமிராவின் கைப்பிடியைச் சுற்றியவர் அவள் கணவர்.

படம், சிரிப்பும் சில்மிஷமுமான காதல் கதை. கதாநாயகன் அவள் விரலைத் தொட்டால் போதும், கணவரின் கை நின்றுவிடும்.

"என்னய்யா ஆச்சு?" என்பார் டைரக்டர்.

"பிலிம் சிக்கிக்கிச்சு சார்."

"அதெப்படிய்யா, ஹீரோ அவங்க கையைப் பிடிக்கிற நேரமாப் பார்த்துச் சிக்குது?"

"உணர்ச்சியுள்ள பிலிம் சார்."

பதினொரு நாளில் பதினேழு 'சிக்கல்'. இப்படி உருகும் புருஷன் யாருக்கு வாய்க்கும்? நாயகிக்கே உள்ளூரப் பெருமைதான், காய்ச்சல் வரும்வரை.

காய்ச்சலின் மூன்றாம் நாள் காலை அவள் சுவரைப் பிடித்துக்கொண்டு நின்றாள். "ஏங்க, உடம்பு அனலாக் கொதிக்குது. இன்னைக்கு ஒரு நாள் லீவு சொல்லிடுங்களேன்."

அவர் ஆழ்ந்து யோசித்தார். "நீ வரலேன்னா, அந்த ஹீரோ பழத்தைத் தூக்கிட்டு நலம் விசாரிக்க வீட்டுக்கே வந்துடுவான். கட்டில் பக்கத்துல நாற்காலியை இழுத்துப் போட்டு உட்காருவான். தேவையா?"

தேவையில்லைதான். அவள் கிளம்பினாள்.

"கண்ணு என்னமா மின்னுது! இன்னைக்கு எனக்கு வேலையே இல்லையேம்மா!" என்று மேக்கப்காரர் வியந்தார்.

அன்றைய காட்சியில் அவள் சிரித்துக்கொண்டே சோபாவைச் சுற்றி ஓட வேண்டும். கதாநாயகன் துரத்த வேண்டும். இரண்டாம் சுற்றில் அவள் அப்படியே தரையில் சரிந்தாள். கதாநாயகன் பதறிப்போய்த் தூக்கக் குனிந்தான்.

"டேய், தொடாதே! தள்ளி நில்லு!" என்றார் கணவர், கைப்பிடியைச் சுற்றிக்கொண்டே.

அவன் தள்ளி நின்றான். "ஆஹா, தத்ரூபம்!" என்று டைரக்டர் மெய்மறந்தார். பிலிம் தீர்ந்த பிறகே டாக்டருக்கு ஆள் போயிற்று.

டாக்டர் நாடி பார்த்தார். "நெஞ்செல்லாம் சளி. இன்னும் கொஞ்சம் விட்டிருந்தா மூச்சே நின்னிருக்கும். எவ்வளவு நேரம் இப்படிக் கிடந்தாங்க?"

"இருநூறு அடி பிலிம் ஓடுற நேரம், டாக்டர்."

"நிமிஷத்துல சொல்லுங்க."

"மூணு நிமிஷத்துக்கு மேல. ஒரு சிக்கல்கூட இல்லை!"

நாயகி மெல்லக் கண் திறந்தாள். "ஏங்க... அப்பக்கூட கையை நிறுத்தத் தோணலியா?"

அவர் அன்பு பொங்க அவளைப் பார்த்தார்.

"எதுக்கு நிறுத்தணும்? அவன்தான் உன்னைத் தொடவே இல்லையே!"