பாஸ்தா வடித்த கஞ்சி

வெட்கப்படுகிறவர்கள் எல்லாரும் நல்லவர்கள் என்று ஊரில் ஒரு நம்பிக்கை இருக்கிறது. "அவ வாயே திறக்க மாட்டா, தங்கமான பிள்ளை" என்பார்கள். இந்தப் பெயரை நானும் அறுபத்தெட்டு வருஷமாகச் சுமந்துகொண்டிருக்கிறேன். தங்கமெல்லாம் ஒன்றுமில்லை. வாயைத் திறக்க வேண்டிய நேரத்தில் திறக்காதவள், அவ்வளவுதான்.

என் வெட்கம் எவ்வளவு என்று முதலிலேயே சொல்லிவிடுகிறேன். ஸ்ரீவைகுண்டத்தில் பள்ளிக்கூடம் போன காலத்தில், வாத்தியார் பெயர் கூப்பிட்டால் "உள்ளேன் ஐயா" சொல்ல எனக்குக் குரல் வராது. முன்வரிசையில் உட்கார்ந்துகொண்டே பாதி வருஷம் பள்ளிக்கு வராதவளாக ஆனேன். ஐந்தாம் வகுப்போடு என் படிப்பு நின்றபோது அவருக்கு வித்தியாசமே தெரிந்திருக்காது. பஸ்ஸில் நான் இறங்க வேண்டிய இடத்தில் நிற்காவிட்டால் கண்டக்டரிடம் சொல்ல மாட்டேன். அடுத்த நிறுத்தத்தில் இறங்கி, அங்கேதான் எனக்கு வேலை என்பதுபோலக் கொஞ்ச நேரம் நின்றுவிட்டு நடந்து திரும்புவேன். (இப்போதும் அப்படித்தான். முழங்கால்தான் முன்னைப்போல ஒத்துழைப்பதில்லை.)

இப்படிப்பட்டவள் இத்தாலி நாட்டுச் சமையல் வகுப்புக்குப் போனேன்.

போக வேண்டியவள் என் மருமகள் ஜெயா. பாளையங்கோட்டையில் ரோஸ்லின் அக்கா என்று ஒருவர் இருக்கிறார். இத்தாலியின் தெற்குப் பக்கம் ஒரு வயதான அம்மாளைப் பன்னிரண்டு வருஷம் கூடவே இருந்து பார்த்துக்கொண்டவர். அந்த அம்மாள் போன பிறகு ஊர் திரும்பி, தன் வீட்டிலேயே சனிக்கிழமைதோறும் பாஸ்தா செய்யக் கற்றுக்கொடுத்தார். நாலு சனிக்கிழமை, ஆறு பெண்கள். ஜெயா ஒரு மாதமாக என் மகனைக் கேட்டுக் கேட்டு ஒருவழியாகச் சம்மதம் வாங்கினாள். கடைசி நிமிஷத்தில் என் மகன் குமார் ஒரு வார்த்தை சொன்னான்.

"அம்மாவையும் கூட்டிட்டுப் போயேன். அப்பா போனதுலேர்ந்து சுவரப் பாத்துக்கிட்டே இருக்கா."

ஜெயாவின் முகம் ஒரு நொடி வாடியதை நான் பார்த்தேன். கல்யாணமாகிப் பதினாறு வருஷத்தில் அவள் தனக்கென்று கேட்ட முதல் காரியம் அது. அதிலும் மாமியாரைக் கட்டி அனுப்பினால் எப்படி இருக்கும்? 'நான் வரவில்லை' என்று சொல்லியிருக்கலாம். சொல்ல வெட்கமாக இருந்தது. சேலை மாற்றிக்கொண்டு கிளம்பிவிட்டேன்.

வகுப்பு நான் பயந்த மாதிரி இல்லை. சம்பா ரவையை மிக்சியில் இன்னொரு சுற்றுச் சுற்றி, வெதுவெதுப்பான தண்ணீர் விட்டுப் பிசைய வேண்டும். முட்டை கிடையாது, எதுவும் கிடையாது. விரல் தடிமனுக்குக் கயிறாக உருட்டி, சீடை அளவுக்கு நறுக்கி, ஒவ்வொன்றையும் கத்தி முனையால் அழுத்தி இழுத்து, கட்டைவிரலில் கவிழ்த்தால் ஒரு சின்னக் காது வரும். அதன் இத்தாலிப் பெயருக்கே சின்னக் காது என்றுதான் அர்த்தமாம். பெயர் என் வாயில் நுழையவில்லை, காது கையில் நுழைந்துவிட்டது. நாற்பது வருஷம் கொழுக்கட்டை பிடித்த கை அல்லவா.

"எல்லாரும் இங்கன வாங்க. அம்மா கையப் பாருங்க. அங்க தெருவுல உக்காந்து செய்வாவளே பொம்பளையள், அவிய கை மாதிரியே ஓடுது" என்றார் ரோஸ்லின் அக்கா.

ஐந்து பெண்களும் என்னைச் சுற்றி வந்து நின்றார்கள். எனக்குக் கையும் ஓடவில்லை, காலும் ஓடவில்லை. அடுத்துப் பிடித்த காது மூக்கு மாதிரி வந்தது.

அடுப்படி சின்னது. ஆறு பேர் அதில் நெருக்கி நின்றால் நான் எங்கே நிற்பது? எல்லாரும் உள்ளே போய் வேகவைக்கக் கற்றுக்கொண்ட நேரத்தில் நான் கூடத்து மேஜையிலேயே உட்கார்ந்து காது காதாகப் பிடித்துக்கொண்டிருந்தேன். மூன்று சனிக்கிழமையும் அப்படியே. பாஸ்தாவைச் செய்யத் தெரியும், அதை வேகவைத்து நான் ஒரு தடவைகூடப் பார்த்ததில்லை. வினை அங்கேதான் இருந்தது.

நாலாவது சனிக்கிழமை எல்லார் வீட்டு ஆட்களுக்கும் மதியச் சாப்பாடு. முக்கியமான பதார்த்தம் ஜெயாவின் பொறுப்பு. அங்கே ஏதோ ஒரு கசப்புக் கீரையை இந்தக் காதோடு சேர்ப்பார்களாம். இங்கே அதற்குப் பதில் முருங்கைக் கீரை. அன்றைக்கு இன்னொன்றும் இருந்தது. அடுத்த மாதத்திலிருந்து தன்கூட நின்று சொல்லிக்கொடுக்க ரோஸ்லின் அக்காவுக்கு ஒரு ஆள் வேண்டியிருந்தது. சாப்பாடு முடிந்ததும் யார் என்று சொல்வதாக இருந்தார்.

ஜெயா என்னிடம் இதைச் சொல்லவில்லை. முந்தின நாள் மாடியில் துணி எடுக்கப் போனபோது, அவள் தன் அக்காவிடம் போனில் பேசியது காதில் விழுந்தது.

"எனக்குத்தான் கிடைக்கும் போல இருக்குக்கா. அங்க போனா எல்லாரும் ஜெயா, ஜெயான்னு கூப்பிடுதாவ. இந்த வீட்டுல எனக்குப் பேரு உண்டுன்னே மறந்துபோச்சு."

உண்மைதான். மகன் "ஏய்" என்பான். நான் "ஏளா" என்பேன். துணியை எடுக்காமலே இறங்கி வந்துவிட்டேன். அந்த இடம் அவளுக்குக் கிடைக்க என்னால் முடிந்ததைச் செய்துவிட வேண்டும் என்று முடிவு செய்தேன். (நான் பேசாமல் இருந்திருந்தால் கிடைத்திருக்கும்.)

மறுநாள் மதியம் ஜெயா பெரிய பாத்திரத்தில் தண்ணீர் கொதிக்கவிட்டு, கை நிறைய உப்பு அள்ளிப் போட்டு, கீரையையும் காதுகளையும் ஒன்றாக வேகவைத்தாள். நான் அப்போதும் கூடத்து மேஜையைத்தான் துடைத்துக்கொண்டிருந்தேன். வடித்து, எண்ணெய் தடவி, தட்டில் பரப்பினாள். வந்தவர்கள் உட்கார்ந்ததும் பூண்டும் மிளகாய்வற்றலும் தாளித்து அதில் பிரட்ட வேண்டியதுதான் பாக்கி. வாசலில் பைக் சத்தம் கேட்டது. ரோஸ்லின் அக்கா, "வந்தவிய முன்னால அழுக்கு ஏப்ரனோட நிக்காதிய, கழத்திப் போடுங்க" என்றார். சமைக்கும்போது முன்னால் கட்டிக்கொள்ள அவர் இத்தாலியிலிருந்து கொண்டுவந்த வெள்ளைத் துணிகள் அவை. வாரம் ஒருத்தர் வீட்டுக்கு எடுத்துப்போய்த் துவைத்துத் தர வேண்டும். அந்த வாரம் எங்கள் முறை.

ஆறையும் நாற்காலியில் குவித்துவிட்டு எல்லாரும் வாசலுக்குப் போனார்கள். போகிற போக்கில் ஜெயா என்னைக் கூப்பிட்டு, வடித்த தண்ணீரைக் காட்டினாள்.

"அத்தை, இந்தத் தண்ணியப் பாத்துக்கிடுங்க. கொட்டிராதிய."

எனக்குக் கொஞ்சம் ரோஷமாகக்கூட இருந்தது. வடிகஞ்சியை நான் கொட்டுவேனா? என் வீட்டுக்காரர் வெள்ளை வேட்டி தவிர வேறு கட்டியதில்லை. நாற்பது வருஷம், அரிசி வடித்த கஞ்சியில் ஒரு சொட்டுகூட வீணாக்காமல் வேட்டிக்குப் போட்டு மொடமொடவென்று எடுத்துக் கொடுத்தவள் நான். ரவையில் செய்ததை வடித்தாலும் கஞ்சி கஞ்சிதானே. அது எதற்கு என்று எனக்குச் சொல்ல வேண்டுமா?

நாற்காலியைப் பார்த்தேன். ஆறு வெள்ளைத் துணி, துவண்டு கிடந்தது. மனசுக்குள் விளக்குப் போட்ட மாதிரி இருந்தது. சாப்பிட்டு முடிப்பதற்குள் இந்த வெயிலில் காய்ந்துவிடும். மடித்து ரோஸ்லின் அக்கா கையில் ஜெயா கொடுத்தால், அவர் வேறு யாரை எடுப்பார்?

புறவாசலில் துணிகளைச் சோப்புப் போட்டு அலசினேன். அலசின வாளியிலேயே கஞ்சியை ஊற்றி, சூடு ஆறப் பச்சைத் தண்ணீர் கலந்தேன். கஞ்சி ஒரு மாதிரிப் பச்சையாக இருந்தது. வெளிநாட்டுக் கஞ்சி இப்படித்தான் இருக்கும் போல என்று நினைத்துக்கொண்டேன். முக்கிப் பிழிந்து, உதறி, ஆறையும் கொடியில் வரிசையாகப் போட்டேன். அவ்வளவு சந்தோஷமாக நான் வேலை செய்து ரொம்ப நாளாகியிருந்தது.

அடுப்படியில் பூண்டு வாசம் வந்தது. பிறகு ஜெயாவின் குரல்.

"தண்ணி எங்க?"

பாஸ்தா வேகவைத்த தண்ணீரில் ஒரு கரண்டி சேர்த்துப் பிரட்டினால்தான் எண்ணெயும் அதுவும் ஒன்றுகூடி, காதுகளில் பிடித்து, பளபளவென்று வருமாம். மூன்று வாரமும் அடுப்படியில் ரோஸ்லின் அக்கா சொல்லிக்கொடுத்த ரகசியமே அதுதானாம். எனக்கு அது அந்த நிமிஷத்தில்தான் தெரிந்தது.

ரோஸ்லின் அக்கா வந்து காலிப் பாத்திரத்தைப் பார்த்தார். "யாரு எடுத்தது? உள்ள யாரு இருந்தா?"

நான் புறவாசல் நிலையில் நின்றுகொண்டிருந்தேன். கையிலிருந்து தண்ணீர் சொட்டிக்கொண்டிருந்தது. கையை முந்தானைக்குள் ஒளித்தேன். 'நான்தான்' என்று ஒரு வார்த்தை. வாயைத் திறந்தேன், காற்றுத்தான் வந்தது. பள்ளிக்கூடத்தில் வராத அதே குரல்.

ஜெயா என் தோளுக்கு மேலே கொடியைப் பார்த்தாள். ஆறு துணியையும் பார்த்தாள். பிறகு என்னைப் பார்த்தாள். அந்தப் பார்வையில் கோபம் இருந்திருந்தால் எனக்கு இன்றைக்குக் கொஞ்சம் லேசாக இருக்கும்.

"நாந்தான்க்கா. கை தவறிக் கொட்டிட்டேன்."

"ஒன்னையா நான் நம்பினேன் ஜெயா? இத ஒண்ணத்தான மூணு வாரமா படிச்சுப் படிச்சு சொன்னேன்" என்றார் ரோஸ்லின் அக்கா. சத்தம் போடவில்லை. போட்டிருக்கலாம்.

ஜெயா வெந்நீர் ஊற்றிப் பார்த்தாள். எண்ணெய் தனியாக மிதந்தது. கிண்டக் கிண்டக் காதெல்லாம் ஒன்றோடொன்று ஒட்டி, கீரையைத் திப்பி திப்பியாகச் சுற்றிக்கொண்டு ஒரே உருண்டையாகிவிட்டது. பந்தியில் யார் வீட்டிலிருந்தோ வந்த ஒரு அண்ணாச்சி கரண்டியை விட்டார். மொத்தமும் கூடவே எழும்பி வந்தது.

"இது என்னம்மா, ஊரு காதெல்லாம் ஒரே ஆள்ட்ட இருக்கு?" என்றார். எல்லாரும் சிரித்தார்கள். குமாரும் சிரித்தான். ஜெயாவும் சிரித்த மாதிரி நின்றாள்.

சாப்பாடு முடிந்ததும் ரோஸ்லின் அக்கா சாந்தி என்கிற பெண்ணின் பெயரைச் சொன்னார். நல்ல பெண்தான். அவள் பிடித்த காது ஒன்றுகூடக் காது மாதிரி இருக்காது.

குமார் பைக்கில் போய்விட்டான். நாங்கள் டவுன் பஸ்ஸில் வந்தோம். காயாத துணிகளை ஜெயா யார் கண்ணிலும் படாமல் பைக்குள் திணித்து எடுத்து வந்திருந்தாள். பஸ் ஆற்றுப் பாலத்தில் ஏறும்போது கண்டக்டர் குனிந்து பார்த்தார். "என்னம்மா, மீனா? பஸ்ஸெல்லாம் ஒழுகுது."

"மீனில்ல, காது வடிச்ச தண்ணி" என்றாள் ஜெயா. அவர் முன்பக்கம் டிக்கெட் போடப் போய்விட்டார்.

கொஞ்ச நேரம் கழித்துக் கேட்டேன். "நீ எதுக்குளா அப்படிச் சொன்ன?"

"நீங்கன்னு தெரிஞ்சா, இனிமே நாலு பேரு இருக்க எடத்துக்கே வர மாட்டிய. எனக்கென்ன, ஏச்சு வாங்குதது புதுசா?"

"ஒனக்கு அந்த வேல..."

"போட்டும் அத்தை." ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டாள். பாலம் முடியும்வரை ஆற்றைப் பார்த்தாள். முடிந்த பிறகும் அந்தப் பக்கமே பார்த்துக்கொண்டிருந்தாள்.

சாயங்காலம் மாடியில் துணி காய்ந்துவிட்டது. பச்சையும் இல்லை, வெள்ளையும் இல்லை. உப்புப் பூத்து, அங்கங்கே முருங்கை இலை ஒட்டி, அப்பளமாக நின்றது. குமார் ஒன்றை எடுத்துத் தரையில் நிறுத்திப் பார்த்தான். ஆள் இல்லாமலே நின்றது.

"எம்மா, இதக் கட்டிக்கிட்டு யுத்தத்துக்கே போலாம். என்னத்தப் போட்ட?"

நான் வாயைத் திறப்பதற்குள் ஜெயா சொல்லிவிட்டாள். "நான் கொட்டினது போக அடியில கொஞ்சம் தண்ணி கெடந்துது. அத்தை அதுல கஞ்சி போட்டுட்டாவ."

துணிகளை மூன்று தண்ணீர் அலசி வெளுத்து, அவளே கொண்டுபோய்க் கொடுத்தாள்.

எங்கள் வீட்டுச் சிரிப்புக் கதை அன்றைக்குப் பிறந்ததுதான். வீட்டில் எது காணாமல் போனாலும், "அம்மாட்டக் கேளு, கஞ்சி போட்டிருப்பா" என்பார்கள். சொந்தக்காரர்கள் வந்தால் குமார் அதை நடித்தே காட்டுவான். கதையின் முதல் பாதியில் ஜெயா தண்ணீரைக் கொட்டுவாள், இரண்டாம் பாதியில் நான் கஞ்சி போடுவேன். முதல் பாதி பொய் என்று இரண்டு பேருக்குத்தான் தெரியும்.

இரண்டு மாதம் கழித்து ஒரு சனிக்கிழமை, காய்கறி வாங்கப் போவதாகச் சொல்லிவிட்டு, ரோஸ்லின் அக்கா வீட்டுக்குத் தனியாகப் போனேன். சொல்லிவிடுவது என்று பஸ் முழுக்க மனப்பாடம் செய்துகொண்டு போனேன். கதவைத் திறந்தது சாந்தி. உள்ளே வகுப்பு நடந்துகொண்டிருந்தது. "என்ன பாட்டி, அக்காவக் கூப்பிடட்டா?" என்றாள்.

"வேண்டாம்மா. குடிக்கக் கொஞ்சம் தண்ணி" என்றேன்.

கொண்டுவந்து கொடுத்தாள். குடித்துவிட்டு வந்துவிட்டேன்.

இப்போது மாதம் ஒரு ஞாயிற்றுக்கிழமை ஜெயா வீட்டில் பாஸ்தா செய்வாள். காது பிடிப்பது நான்தான். போன மாதம் குமாரின் சித்தப்பா வீட்டார் வந்திருந்தார்கள். குமார் வழக்கம்போல ஆரம்பித்தான். "இவ என்ன செஞ்சா, அவ்வளவு தண்ணியையும் கொட்டிட்டா..."

"கொட்டல" என்றேன்.

கூடத்தில் எல்லாரும் திரும்பினார்கள். எனக்குக் காதெல்லாம் சூடாகிவிட்டது. "ஜெயா கொட்டல. அவ்வளவு தண்ணியையும் நாந்தான் எடுத்தேன். அவ எனக்காகச் சொன்னா."

சித்தப்பா தொடையில் தட்டிச் சிரித்தார். "பாத்தியாலே குமாரு, மதினி மருமவள விட்டுக்கொடுக்க மாட்டாவ. பழியத் தன் தலையில போட்டுக்கிடுதாவ. இப்படி மாமியார் யாருக்குக் கெடைக்கும்?"

எல்லாரும் ஆமாம் ஆமாம் என்றார்கள். "தங்கமான மனுஷி" என்று யாரோ சொன்னார்கள். இப்போது குமார் நடிக்கும் கதையில் அதுவும் சேர்ந்துவிட்டது. கடைசியில் என் குரலில் "கொட்டல" என்று சொல்லி முடிக்கிறான். அதற்குத்தான் சிரிப்பு அதிகம்.

அன்றைக்கு ஜெயா அடுப்படியில்தான் இருந்தாள். எல்லாம் அவள் காதில் விழுந்திருக்கும். வெளியே வந்தாள். பாஸ்தா வடித்த தண்ணீர் ஒரு செம்பு நிறைய, ஆவி பறக்க, என் முன்னால் வைத்தாள்.

"அத்தை, இந்தத் தண்ணியப் பாத்துக்கிடுங்க" என்றாள்.

தாளித்து முடித்து அவள் கேட்கும்வரை, கையை மடியில் வைத்துக்கொண்டு, கண்ணெடுக்காமல் பார்த்துக்கொண்டிருந்தேன்.