மணிலாவின் ஒரே வசனம்

தமிழ் சினிமாவில் மணிலா அளவுக்குச் செத்தவர் யாரும் கிடையாது. சீனாக்காரராகச் செத்திருக்கிறார், ஜப்பான்காரராகச் செத்திருக்கிறார். ஒரு படத்தில் இடைவேளைக்கு முன் கொரியாக்காரராகவும், பின் அவருடைய அண்ணனாகவும் செத்தார். உண்மையில் அவர் பிலிப்பைன்ஸ்காரர். கப்பலில் தையல்காரராக வந்து, காட்டுப்பாக்கத்துப் பெண்ணைக் கட்டிக்கொண்டு, எங்கள் ஃப்ளாட்டுக்கு எதிர் வீட்டில் தங்கிவிட்டார்.

அவருக்குச் சோறு போட்டது காஸ்ட்யூமர் வேலை. பூந்தமல்லிப் பக்கம் ஷூட்டிங் என்றால் அடியாட்களுக்கெல்லாம் சட்டை தைத்து, இஸ்திரி போட்டு, கடைசிச் சட்டையைத் தானே மாட்டிக்கொண்டு ஹீரோவிடம் உதை வாங்கப் போவார். சேறு இல்லாத இடமாகப் பார்த்துத்தான் விழுவார்.

"தொவைக்கப் போறது நான்தானே மாமே" என்பார் என்னிடம்.

பிணமாக நடித்தவர் எழுந்ததும் கேமராவைப் பார்த்துச் சிரிக்க வேண்டும், அப்போதுதான் திருஷ்டி கழியும் என்பது சினிமாக்காரர்கள் வழக்கம். மணிலாவின் அந்தச் சிரிப்புக்கு யூனிட்டே காத்திருக்கும். ஆனால் அது படத்தில் வராதே! அவர் குரலும் எந்தப் படத்திலும் வந்ததில்லை.

"வாயே தொறக்காதவன் இன்னா நடிகன்?" என்று அவருடைய மாமியார் கேட்டுக்கொண்டே இருந்தார். அந்த அம்மாள் காதில் விழ, தியேட்டரில் ஒரே ஒரு வசனம் பேசிவிட வேண்டும். மனிதருக்கு வேறு ஆசையே இல்லை.

போன வருடம் கிடைத்தது. கடத்தல்காரர் வேடம். 'உன்னை விடமாட்டேன்' என்பதுதான் வசனம்.

"உன்ன உடமாட்டேன்டா கஸ்மாலம்" என்றார் மணிலா. செட்டே சிரித்தது.

"நீங்க வெளிநாட்டுக்காரர் சார். கொஞ்சம் தட்டுத்தடுமாறிப் பேசுங்க" என்றார் டைரக்டர்.

"இருவது வருசமா இங்கதான் சார் கீறேன். தடுமாற வரல சார்."

பதினாறு டேக் போயிற்று. கடைசியில் பாஸ்போர்ட்டே இல்லாத திருவள்ளூர்க்காரர் ஒருவர் வெளிநாட்டு வாடையோடு டப்பிங் பேசிவிட்டுப் போனார்.

தெருவில் இது மணிலாவுக்கும் எனக்கும் மட்டும்தான் தெரியும். விவரம் தெரியாதவர்கள் தெரு வாட்ஸ்அப் குழுவில் ஆள் சேர்க்க, மாமியாரோடு எல்லோரும் அம்பத்தூர் தியேட்டருக்குக் கிளம்பினோம். மணிலாவுக்கு முகத்தில் ஈயாடவில்லை.

திரையில் வாயைத் திறந்தார். யாரோ பேசினார்கள்.

"இன்னா மாப்ள, இது உன் கொரல் இல்லியே" என்றார் மாமியார். மணிலா தலையைத் தொங்கப்போட்டார். பார்க்கச் சகிக்கவில்லை எனக்கு.

அந்த அம்மாள் அவர் சட்டையைப் பிடித்துத் தூக்கினார். "எழுந்து நீ சொல்லு. நான் கேக்கணும்."

மணிலா எழுந்து நின்று சொன்னார், கஸ்மாலத்தோடு சேர்த்து. தியேட்டரே விசிலடித்தது. மாமியார் பக்கத்து சீட்டுக்காரரிடம், "எங்க மாப்ள" என்றார்.

அடுத்த நொடி திரையில் ஹீரோ மணிலாவைச் சுட்டுவிட்டார். எத்தனையோ படத்தில் அவர் சாவதைப் பார்த்துச் சிரித்தவன்தான் நான். அன்றைக்கு என்னவோ பொறுக்கவில்லை.