அப்பாவின் இறுதி உடை பூதத்தோடு சண்டையிட்ட விவரம்

ஜோஞ்ஜூ, 28 அக்டோபர் 1969

மரியாதைக்குரிய அண்ணனுக்கு, தம்பி நம்குங் சோக் வணங்கி எழுதுவது. குளிர் தொடங்கும் இந்நாளில் அங்கே எல்லோரும் நலமென நம்புகிறேன்.

இன்று காலை பத்து இருபதுக்குப் படக் கம்பெனியின் உடைப் பொறுப்பாளர் தொலைபேசியில் உறுதிசெய்தார்: பூதப் படத்தில் கல்லறையிலிருந்து எழுந்து வரும் வீரன் போட்டிருப்பது நம் அப்பா தமக்கென்று முன்கூட்டியே எடுத்துவைத்திருந்த இறுதி உடைதான். இறுதி உடை தைக்க உகந்ததென்று போன வருடம் அதிகமாதத்தில் அண்ணி இங்கே தங்கித் தைத்தது.

வசந்தத்தில் மலைக்கோட்டையில் படமெடுத்தவர்கள் ஊரில் பழைய துணி கேட்டார்கள், என் மனைவி கும்-சில் அப்பாவின் கோடைச் சட்டைப் பெட்டி என்று நினைத்து இதைக் கொடுத்துவிட்டாள், இரண்டும் ஒரே சணல்நார்த் துணி, நான் இரண்டு பெட்டியின் மேலும் 'அப்பா' என்றுதான் எழுதியிருந்தேன். நேற்று மதியக் காட்சிக்கு அப்பாவை நான்தான் வற்புறுத்திக் கூட்டிப்போனேன். குளிர்காலம் தாண்டுவது சந்தேகம் என்று டாக்டர் சொன்னதிலிருந்து அவர் வாசலுக்கே வரவில்லை. திரையில் வீரன் பூதத்தின் கழுத்தைப் பிடித்துத் தூக்கினான், சட்டையின் வலது கை தோளோடு கழன்று விழுந்தது. தியேட்டரே சிரித்தது. அப்பா எழுந்து நின்றார்.

"முடிச்சுப் போடாத நூல்டா அது. போறவன் சிக்காமப் போகணும்னு பெரிய மருமக முடிச்சே போடல."

"சினிமாப்பா, உக்காருங்க."

"என் துணி. அவன் மாட்டிக்கிட்டுக் குதிக்கிறான்."

பின்வரிசையிலிருந்து ஒரு குரல்: "பெரியவரே, அவரு ஏற்கெனவே செத்தவருதான். மறைக்குது."

வீட்டில் கும்-சிலைக் கேட்டேன். "ரெண்டுலயும் ஒண்ணையே எழுதிவெச்சா நான் என்ன மோந்தா பாக்குறது?" என்றாள். இருபத்தாறு வருடமாகப் பத்திரிகையில் செய்தி எழுதுகிறவன், மிஞ்சிய பெட்டியின் மேல் 'கோடைச் சட்டை' என்று சேர்த்து எழுதினேன்.

அப்பா நேற்று முதல் சுவர்ப்பக்கம் திரும்பிப் படுத்திருக்கிறார், ஒரு வாய்கூடச் சாப்பிடவில்லை. ஏதாவது ஆகிவிட்டால் எதை உடுத்தி அனுப்புவது? மற்ற மாதத்தில் தைத்ததை அவர் ஏற்க மாட்டார். ஆகவே நீங்கள் வியாழக்கிழமை சியோலில் கம்பெனிக்கு நேரில் போய் உடையை வாங்கி, அண்ணியிடம் கழன்ற கையைத் தைக்கச் சொல்லி, முதல் ரயிலில் வரவும்.

முன்னோர் உங்கள் வீட்டைக் காக்கட்டும்.

பி.கு.: உறையை ஒட்டப்போகும்போது அப்பா எழுந்து இரண்டு கிண்ணம் சோறும் முள்ளங்கிக் கிம்ச்சி ஊறுகாயும் சாப்பிட்டார். "இன்னொருத்தன் போட்டுச் சண்டை போட்ட துணியில நான் போக மாட்டேன். புதுசு தைக்கட்டும். அதுவரைக்கும் எப்படிடா கிளம்புறது?" என்கிறார். கம்பெனிக்குப் போக வேண்டாம். பஞ்சாங்கப்படி அடுத்த அதிகமாதம் 1971 ஜூன் இருபத்து மூன்றாம் தேதி பிறக்கிறது. அண்ணி மெதுவாகத் தைக்கலாம் என்று அப்பா சொல்லச் சொன்னார்.