சாக்கடைக்கு ஒரு நற்சான்று

கொரோனா எந்தத் தெருவில் குடியிருக்கிறது என்பதைச் சாக்கடைத் தண்ணீரைச் சோதித்தே கண்டுபிடித்துவிடலாம் என்கிறது அறிவியல். நல்ல அறிவியல்தான். அரசாணையாக மாறிய பிறகுதான் அதற்கே காய்ச்சல் கண்டது. 'அலுவலர்களின் நாசி நலன் கருதி, குடியிருப்போர் சங்கங்களே கழிவுநீரைக் குப்பியில் சேகரித்து, ஒப்பமிட்டு அனுப்பக் கடவது' என்று கழிவுநீர்க் கண்காணிப்புப் பிரிவு உத்தரவிட்டது. கிருமி இருந்தால் வாசலில் சிவப்புப் பலகை. இல்லாவிட்டால் பச்சை.

பச்சைப் பலகை முன் நின்று செல்ஃபி எடுப்பது கோவையில் நாகரிகமாயிற்று. வரன் பார்க்கிறவர்கள்கூட ஜாதகத்துக்கு முன்னால் பலகையின் நிறத்தைத்தான் கேட்டார்கள்.

கோவிந்தராஜுலு வடவள்ளிப் பக்கம் ஓர் அவென்யூவின் சங்கச் செயலாளர். மகள் பூஜிதாவுக்குச் சரவணம்பட்டி மாப்பிள்ளை. தை பிறந்ததும் அவென்யூ மண்டபத்திலேயே நிச்சயம். அவென்யூவிலோ பாதி வீடுகளில் இருமல். சிவப்புப் பலகை தொங்கினால் சம்பந்தி வீட்டார் வாசலோடு திரும்பிவிடுவார்களே என்று அவருக்குச் சோறு இறங்கவில்லை.

"ஏனுங்க, அந்தக் கருமத்தைத் தொறந்து மூக்கைப் புடிச்சுட்டு மொண்டு எடுக்கோணுமா? குழாயில புடிச்சு அனுப்பிப்போடுங்க," என்றாள் மனைவி பங்காரம்மா.

சுத்தமான சிறுவாணித் தண்ணீர், செயலாளர் ஒப்பத்துடன் போய்ச் சேர்ந்தது.

பச்சைப் பலகை வரவில்லை. அவென்யூக் குழாய்களில் வந்துகொண்டிருந்த தண்ணீர்தான் நின்றுபோயிற்று. அலறியடித்துக்கொண்டு கண்காணிப்புப் பிரிவு அலுவலகத்துக்கு ஓடினார்.

அலுவலர் இளவேனில் பொறுமையாக விளக்கினார். "உங்க பாட்டில்ல கிருமி இல்லீங்க. சோப்பு இல்லை, எண்ணெய் இல்லை, சொல்லக் கூடாததும் இல்லை. மனுசங்க இருக்கற தடயமே இல்லீங்க. ஆளில்லாத ஊட்டுக்கு எதுக்குங்க தண்ணி?"

"நான் இருக்கறனுங்களே மேடம்! முன்னால நிக்கறனுங்களே!"

"நிக்கறது தெரியுதுங்க. குடியிருக்கறது தெரியலீங்க. அதுக்குச் சாக்கடைதானுங்க சாட்சி சொல்லோணும்."

மூட்டைப்பூச்சிக்குப் பயந்து வீட்டைக் கொளுத்தின கதையாகிவிட்டது. வேறு வழியில்லாமல் மூக்கில் துண்டைக் கட்டிக்கொண்டு, சாக்கடைச் சேம்பர் மூடியைத் திறந்து, நிஜச் சரக்கையே எடுத்து அனுப்பினார்.

கிருமி உண்டு என்று முடிவு வந்தது. "நாம இருக்கறோம்!" என்று வாட்ஸ்அப் குழுவில் எல்லோரும் இருமிக்கொண்டே வாழ்த்திக்கொண்டார்கள். தண்ணீர் வந்தது. பின்னாலேயே சிவப்புப் பலகையும் வந்தது.

அதைப் பார்த்துக்கொண்டு அவர் வாசலில் நின்றபோது சம்பந்தி ஸ்ரீனிவாஸ் போனில் அழைத்தார். நிச்சயம் நின்றுபோயிற்று என்றே நினைத்துக்கொண்டார் கோவிந்தராஜுலு.

"செவப்புப் பலகை தொங்குதாமுங்களே?"

"ஆமாங்க சம்பந்தி. எங்க புள்ள மேல ஒரு தப்புமில்லீங்க. மனசுல வெச்சுக்காதீங்க."

"அட, அதை உடுங்க. எங்க பக்கம் அத்தனை பேரும் கேன் தண்ணி ஊத்தி அனுப்பிப்போட்டோமுங்க. குளிச்சுப் பல நாளாச்சு. இப்ப நெசமாவே சாக்கடைத் தண்ணி எடுக்கலாம்னு பார்த்தா, பொழங்கத் தண்ணியில்லாம அதுவும் காஞ்சு கெடக்குதுங்க." ஸ்ரீனிவாஸின் குரல் தணிந்தது. "நிச்சயத்துக்கு வேற சீரு எதுவும் வேண்டாமுங்க. உங்க சாக்கடையில ஒரே ஒரு பாட்டில், தட்டுல வெச்சுருங்க."