ஸ்டேக் திட்டத்தின் ஒரே பயனாளி

வாவியின் இரு கரையிலும் அடுப்பு வைத்திருக்கும் சகலருக்கும் இத்தால் அறியத்தருவது யாதெனில்: கடந்த ஞாயிற்றுக்கிழமை மாலை, நாவற்குடாவில், ஓர் ஆண் சமைத்தார்.

சிலர் இதை நம்பமாட்டார்கள். வேறு சிலர், கலியாண வீட்டுச் சமையல்காரர்கள் எல்லாம் ஆம்பிளைகள்தானே என்று குறுக்கே கதைப்பார்கள். அவர்கள் கூலிக்குச் சமைக்கிறவர்கள். கூலிக்குச் செய்தால் அது வேலை. ஒரு கணவர் தன் மனைவியின் பிறந்தநாளுக்கு, கண்ணாடி போட்டுக்கொண்டு, போனைச் சீனிப் போத்தலில் சாய்த்து வைத்து, அதற்குள்ளிருந்து ஒரு வெள்ளைக்காரன் சொல்லச் சொல்லச் செய்தால் அது வரலாறு. வரலாற்றுக்குச் சாட்சி தேவை. என்னை அதற்குத்தான் அழைத்திருந்தார்கள்.

அந்த ஆண் என் பக்கத்து வீட்டு ஜெராட். தொண்டு நிறுவனம் ஒன்றில் திட்ட இணைப்பாளர். இந்த மாவட்டத்தில் அவர் மேம்படுத்தாமல் விட்ட ஆள் குறைவு. பிறந்ததிலிருந்து கோழி வளர்க்கிற பெண்களுக்குக் கோழி வளர்க்கப் பயிற்சி கொடுத்தவர். மாங்கேணி மீனவர்களுக்குக் கடலைப் பற்றி வகுப்பு எடுத்து, வந்தவர்களுக்குச் சோற்றுப் பார்சலும் சான்றிதழும் வழங்கியவர். அப்படிப்பட்டவர் மனைவிக்குச் சும்மா ஒரு நேரச் சாப்பாடு சமைத்துவிட முடியுமா? அது திட்டமாகத்தான் வரும்.

வந்தது. பெயர்: ‘குசினி இல்லாத பிறந்தநாள்’. நோக்கம்: சுகந்தினி தன் ஐம்பதாவது பிறந்தநாளன்று குசினிக்குள் கால் வைக்காதிருத்தல். வழிமுறை: ஸ்டேக் என்னும் முழுத்துண்டு மாட்டிறைச்சி, அதன்மேல் காளானும் கிறீமும் வைனும் சேர்ந்த சோஸ். பயனாளிகள்: ஒருவர். காத்தான்குடியில் புடைவைக் கடை வைத்திருக்கும் நிஸ்தார், ஜெராட்டின் பள்ளிக்கூடக் கூட்டாளி, ‘பங்காளி அமைப்பு’. அதாவது இறைச்சி வாங்கி வருகிறவர். நான் ‘வெளியக மதிப்பீட்டாளர்’. அதாவது சாப்பிடுகிறவர்.

நோக்கத்தை நான் மனதார ஆதரித்தேன். சுகந்தினியின் குசினி யன்னல் என் கிணற்றடியைப் பார்த்து இருக்கிறது. அவர் கலியாணம் முடித்து இந்த வீட்டுக்கு வந்த பிறகு, அந்த யன்னலில் அவர் முகம் இல்லாத விடியலை நான் கண்டதில்லை. தபால் கந்தோரில் வேலை முடிந்து வந்தாலும் அங்கேதான் நிற்பார். அங்கே நின்றுகொண்டேதான் தேத்தண்ணியும் குடிப்பார்.

எந்த நல்ல திட்டமும் தேவை மதிப்பீட்டோடு தொடங்கும். ஒரு கிழமைக்கு முன்னர், விறாந்தையில், என் முன்னிலையில், பிறந்தநாளுக்கு என்ன வேண்டும் என்று ஜெராட் பயனாளியிடம் முறைப்படி கேட்டார்.

சுகந்தினி யோசிக்கவே இல்லை. "கல்லடிப் பாலத்துக்குக் கிட்ட ஒரு கடையில கொத்து ரொட்டி வாங்கித் தாங்க. வாவிக் கரையில இருந்து சாப்பிட்டுட்டு, மறுகா ஆறுதலா வீட்ட வருவம். அது காணும், வேற ஒண்டும் வேணாம்."

ஜெராட் தலையை ஆட்டினார். அந்தத் தலையாட்டல் எனக்குத் தெரியும். கிணறு கேட்ட கிராமத்துக்குக் கணினி கொடுத்த தலையாட்டல். சுகந்தினி உள்ளே போனதும், "பயனாளிக்கு விழிப்புணர்வு போதாது" என்று என் காதுக்குள் சொன்னார். அன்று பின்னேரமே விழிப்புணர்வு நிகழ்ச்சி நடந்தது. சுகந்தினியை இருத்தி வைத்து ஸ்டேக் செய்யும் காணொளிகளைக் காட்டினார். வெள்ளைக்காரன் காளானை வெட்டி முடிப்பதற்குள் அவர் கதிரையிலேயே கண் அயர்ந்துவிட்டார். பயனாளி இணக்கம் தெரிவித்ததாக எடுத்துக்கொள்ளப்பட்டது.

அடுத்தது வைன் தொடர்பான பங்குதாரர் கூட்டம். நிஸ்தாரும் அவர் மனைவி பஹீமாவும் விருந்துக்கு வருகிறார்கள். ஸ்டேக் சோஸுக்கு வைன் கட்டாயம் என்று போனுக்குள் இருக்கிற வெள்ளைக்காரன் சொல்கிறான். இரு தரப்பும் விறாந்தையில் சந்தித்தன.

"வைன் போட்டாத்தான் சோஸா மச்சான்?" என்று நிஸ்தார் தொடங்கினார்.

"அடுப்பில வச்ச உடனே அதில இருக்கிற சாராயம் எல்லாம் ஆவியாப் போயிரும்."

"ஆவி எங்க போகும்?"

"மேல போகும்."

"மேலதான் மச்சான் பிரச்சினை."

 பிறகு ஜெராட் தன் தொழில் வாழ்க்கையின் அதியுன்னத சமரசத்தை முன்வைத்தார். நத்தார்ப் பண்டிகைக்கு வாங்கிய இஞ்சி வைன் பிரிஜ் கதவில் அரைப் போத்தல் மிச்சம் நின்றது. பெயர் வைன், நடத்தை சர்பத். ஒவ்வொரு நத்தாருக்கும் நிஸ்தார் இந்த வீட்டில் கேக்கோடு குடிப்பதும் அதைத்தான். வெள்ளைக்காரன் சொன்ன சொல்லும் காப்பாற்றப்படும், நிஸ்தாரின் மார்க்கமும் காப்பாற்றப்படும். தீர்மானம் ஏகமனதாக நிறைவேறியது. இன நல்லிணக்கத்துக்காக இந்த மாவட்டத்தில் நடந்த கூட்டங்களில், முடிவு ஒன்றை எடுத்துவிட்டுக் கலைந்த கூட்டத்தை நான் கண்டது அன்றுதான்.

தேத்தண்ணி கொண்டுவந்து வைத்த சுகந்தினி, "அது சீனிப் பாணி. புளிப்பும் கிடக்கு. கிறீமோட சேராது" என்று சொல்லிவிட்டுப் போனார். பயனாளியின் கருத்து நன்றியுடன் வரவேற்கப்பட்டது. அதற்குப் பிறகு அதை யாரும் காணவில்லை.

இறைச்சி கொள்வனவு இலேசான காரியமாக இருக்கவில்லை. ஞாயிறு காலை காத்தான்குடி இறைச்சிக் கடையில், இரண்டு விரல் தடிப்பில் முழுத் துண்டாக வேண்டும் என்று நிஸ்தார் கேட்டிருக்கிறார். கறிக்கு வெட்டிப் பழகிய கத்தி அந்தரத்தில் நின்றதாம். வீட்டில் யாருக்கும் சுகமில்லையா என்று கடைக்காரர் விசாரித்தாராம். அவர் கை பழக்கத்தில் இறங்கிவிடாமல் இருக்க, நிஸ்தார் இறைச்சியைத் தன் இரண்டு கையாலும் மூடிப் பிடித்துக்கொண்டு நின்றிருக்கிறார். பழுகாமம் பக்கத்து வயல் வட்டையில் வண்டில் இழுத்து மூத்த மாடு, நல்ல சாமான் என்று கடைக்காரர் சொன்னதை நிஸ்தார் பெருமையோடு எங்களுக்கு அறிவித்தார். நாங்களும் பெருமைப்பட்டோம். எங்கள் பக்கத்தில் இறைச்சியின் வயதை யாரும் விசாரிப்பதில்லை. அதைப் பார்த்துக்கொள்வது பிரஷர் குக்கர். வெள்ளைக்காரனின் முறையில் குக்கர் இல்லை என்பது அந்த நேரம் ஒருவருக்கும் ஞாபகம் வரவில்லை.

மாலையானது. பஹீமா ஒரு கிண்ணம் வட்டிலாப்ப இனிப்போடு ஸ்கூட்டியில் வந்தார். நிஸ்தார் பின்னால் இருந்தார். சுகந்தினி புதுச் சேலை உடுத்தியிருந்தார். ஜெராட் அவரைக் கையைப் பிடித்துக் கூட்டிவந்து விறாந்தைக் கதிரையில் இருத்தினார். "இண்டைக்கு நீ மகாராணி. அசையக் கூடாது" என்றார். எனக்கே கண் கலங்கியது. பின்னர் அவர் ஏப்ரனைக் கட்டிக்கொள்ள, ஆண்கள் நாங்கள் உள்ளே போனோம். ஒருவர் சமைக்க, இருவர் பார்க்க.

"சுகந்தி, பட்டர் எங்க?"

பிரிஜ்ஜின் இரண்டாம் தட்டில் என்று விறாந்தையிலிருந்து பதில் வந்தது. இரண்டாம் தட்டு என்பது மேலிருந்தா கீழிருந்தா என்று விளக்கம் கோரப்பட்டது. மகாராணி எழும்பி வந்து காட்டினார். பிறகு மிளகுத் தூள். பிறகு லைட்டர். பிறகு இடுக்கி. அந்த வீட்டில் இடுக்கி இல்லை என்பதை அறிவிக்கவும் அவரே வரவேண்டியிருந்தது. நோக்கத்துக்குப் பழுது வரக்கூடாது என்பதால் திட்டத்தில் ஒரு திருத்தம் செய்யப்பட்டது: வாசற்படியில் நின்று கையை நீட்டிக் காட்டினால் அது குசினிக்குள் வந்ததாகாது. வெங்காயம் வெட்ட அழைக்கப்பட்டபோது, அது ‘கண்காணிப்பு விஜயம்’ என்று வகைப்படுத்தப்பட்டது.

இறைச்சி தாச்சியில் விழுந்தது. புகை எழும்பியது. என் வீட்டிலிருந்து என் மனைவி என்ன எரிகிறது என்று கேட்டார். அபிவிருத்தி என்று சொன்னேன். ஒரு பக்கம் கறுத்ததும் ஜெராட் துண்டைப் புரட்டி, விரலால் அமத்திப் பார்த்து, நடுவே வெட்டிக் காட்டினார். உள்ளே நல்ல ரோசாப்பூ நிறம். இதுதான் பக்குவம் என்றார்.

நிஸ்தார் குனிந்து பார்த்தார். "இது இன்னும் உசிரோட இரிக்கி மச்சான். பேர் சொல்லிக் கூப்பிட்டா எழும்பிப் பழுகாமத்துக்கு நடந்திரும்."

ஜெராட் அதைச் செவிமடுக்கவில்லை. துண்டுகளைத் தட்டில் எடுத்து வைத்து, மேலே ஈயத்தாள் போர்த்தி, ஒரு குழந்தையைத் தூங்கவைத்தவர் போலப் பின்வாங்கினார். அதே தாச்சியில் காளானை வதக்கி, கிறீமை ஊற்றி, இஞ்சி வைனை விட்டார். கிறீம் ஒரு கணம் யோசித்தது. பிறகு கட்டி கட்டியாகத் திரண்டு ஒரு பக்கமும், மஞ்சள் தண்ணி ஒரு பக்கமுமாகப் பிரிந்தது. காளான் எந்தத் தரப்பிலும் சேராமல் நடுவில் நின்றது. நத்தார் வாசம் வீடெல்லாம் பரவியது.

"சுகந்தி, இதை ஒருக்கா வந்து பாரு."

சுகந்தினி வந்தார். பின்னால் பஹீமாவும் வந்தார். தாச்சியைப் பார்த்தார்கள். சுகந்தினி பழக்கதோஷத்தில் அகப்பையை எடுக்கக் கை நீட்டினார். பக்கத்தில் ஈயத்தாள் மூடிய தட்டு இருந்தது. அதைத் தள்ளி வைக்கப் போனார்.

"அதைத் தொடாத," என்றார் ஜெராட். "அது ஓய்வெடுக்குது. வேலை செஞ்ச இறைச்சி, அதுக்கு ஓய்வு குடுக்கத்தான் வேணும். இல்லாட்டி இறுகிப் போயிரும்."

சுகந்தினி கையை எடுத்துக்கொண்டார். அந்தத் தட்டையே கொஞ்ச நேரம் பார்த்துக்கொண்டு நின்றார்.

"ஓம்," என்றார். "இறுகித்தான் போகும்."

பஹீமா அவர் முழங்கையைத் தொட்டார். இரண்டு பேரும் வெளியே போனார்கள். நாங்கள் அதைக் கவனிக்கவில்லை. ஓய்வு எத்தனை நிமிடம் என்பதில் எங்களுக்குள் கருத்து வேறுபாடு இருந்தது. ஸ்கூட்டி கிளம்பிய சத்தம் எனக்குக் கேட்டது. யாரோ எங்கோ போகிறார்கள் என்று நினைத்தேன்.

ஓய்வு முடிந்தது. ஜெராட் துண்டுகளை அடுக்கி, சோஸின் கட்டிகளை மட்டும் வழித்து மேலே போட்டு, கொத்தமல்லி இலை தூவிப் படம் எடுத்தார். படத்தில் கட்டி தெரியாது, வாசம் வராது. ‘மனைவிக்காக என் கையால்’ என்று எழுதி அலுவலகக் குழுவுக்கு அனுப்பினார். பாராட்டுகள் குவிந்தன. பெண் உத்தியோகத்தர் ஒருவர், எல்லாக் கணவர்களும் உங்களைப் போல் இருந்தால் நாடு எங்கேயோ போயிருக்கும் என்று எழுதினார். ஜெராட் அதை எங்களுக்கு இரண்டு தரம் வாசித்துக் காட்டினார்.

பிறகு சாப்பிட்டுப் பார்த்தோம். நான் ஒரு துண்டை வாயில் வைத்து மென்றேன். அது என்னையும் வண்டிலில் பூட்டிக்கொண்டு இழுத்தது. நிஸ்தார் தன் துண்டை மரியாதையாகக் கையில் எடுத்துத் தட்டின் ஓரத்தில் வைத்தார். இதைக் குக்கரில் போட்டால் தவிர ஆகாது என்றார். ஜெராட் மறுப்புத் தெரிவித்து, பிறகு ஒரு கடி கடித்து, மறுப்பை வாபஸ் வாங்கினார். குக்கரைக் கண்டுபிடித்தோம். அதன் விசிலைக் காணவில்லை. லாச்சி எல்லாம் இழுத்துப் பார்த்தோம்.

"சுகந்தி."

பதில் இல்லை.

"சுகந்தி, குக்கர் விசில் எங்க?"

விறாந்தைக்குப் போய்ப் பார்த்தோம். கதிரை இருந்தது.

ஜெராட்டின் முகம் மாறியதை நான் பதிவு செய்தாக வேண்டும். குரல் கொடுத்தால் பதில் வராத வீட்டில் அவர் அதற்கு முன் நின்றதே இல்லை. சுகந்தினிக்குப் போன் எடுத்தார். எடுத்துப் பேசியது பஹீமா, எங்களுக்கும் கேட்டது.

"கொத்து வாங்கிட்டு வாவிக் கரையில இரிக்கிறம் அண்ணன். அக்கா காலைத் தண்ணிக்குள்ள விட்டுட்டு இரிக்கிறா. எழும்ப மாட்டாவாம்."

ஜெராட் நிறைய யோசித்தார். பிறகு, "விசில் எங்க இரிக்கெண்டு கேளுங்க" என்றார்.

கேட்கும் சத்தம் வந்தது. அதன் பின்னால் ஒரு சிரிப்பு. அந்த யன்னலில் நான் கேட்டிராத சிரிப்பு.

"குக்கருக்கு மேலதான் இரிக்காம்," என்றார் பஹீமா. "உங்களுக்கும் கொத்துப் பார்சல் கொண்டு வரவா, இல்லாட்டி ஸ்டேக் காணுமா?"

நாங்கள் மூவரும் ஒருவரையொருவர் பார்த்துக்கொள்வதைத் தவிர்த்தோம்.

"மூண்டு பார்சல்," என்றார் ஜெராட். குரல் இறங்கியிருந்தது. "மாடு வேணாம். கோழி."

திட்டம் ஒன்று நிறைவடைந்தால் கையளிப்பு நடக்க வேண்டும். கிணற்றைக் கட்டிக் கிராமத்திடம் ஒப்படைப்பது போல. தாச்சியில் கருகிய பட்டரும் திரண்ட கிறீமும் இஞ்சி வைனின் சீனியும் ஒன்றாகி, தோல் போலக் கறுப்பாகப் பிடித்திருந்தன. ஜெராட் அதில் தண்ணி விட்டார். "ஊறட்டும்" என்றார். ஏப்ரனைக் கழற்றி மடித்து வைத்துவிட்டு, நல்லபடியாக முடிந்தது என்று என் கையைக் குலுக்கினார்.

வெளியக மதிப்பீட்டாளர் என்ற முறையில் என் முடிவு இதுதான். திட்டத்தின் நோக்கம் எய்தப்பட்டது: கண்காணிப்பு விஜயங்கள் நீங்கலாக, பயனாளி அன்று மாலை குசினியில் மட்டுமல்ல, கடைசியில் வீட்டிலேயே இருக்கவில்லை. பயனாளியின் தேவையும் நிறைவேறியது, அதைப் பயனாளியே நிறைவேற்றிக்கொண்டார். தியாகமும் துணிவும் பொறுப்புணர்வும் கொண்ட கணவர் எப்படி இருப்பார் என்று கேட்பவர்களுக்கு, நாவற்குடாவுக்கு வாருங்கள், ஜெராட்டைப் பாருங்கள் என்று நான் சிபாரிசு செய்கிறேன்.

திங்கட்கிழமை விடிய, கிணற்றடியில் பல் தீட்டிக்கொண்டு நின்றேன். யன்னலுக்குள் குக்கர் விசில் அடித்தது, ஸ்டேக் கறியாகிக்கொண்டிருந்தது. சுகந்தினி தாச்சியைத் தேய்த்துக்கொண்டு நின்றார்.